ஆடுகிறவர்களைப் பார்த்து ஏன் பயம்?

ஜேம்ஸ் மூனியும் ஆவி நடனமும்

(படிப்பு வட்டக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



போன மாதக் கூட்டம் முடிகிற நேரத்தில் ஒரு தம்பி எழுந்து கேள்வி கேட்டார். "எங்க தெருவுல ஆடி மாசம் வந்தா எங்க அத்தைக்குச் சாமி வருது. பகல் பூரா களை பறிச்சுட்டு வந்த பொம்பள, ராத்திரி முழுக்க ஆடுது. இந்த மூடநம்பிக்கைய வச்சுக்கிட்டு விடுதலை எப்படித் தோழர் வரும்?" கடைசி பஸ்ஸைப் பிடிக்க வேண்டியவர்கள் அதற்குள் கிளம்பிவிட்டார்கள். பதில் சொல்லாமலே கலைந்தோம்.

'ஆமாம், மூடநம்பிக்கைதான், ஒழிக்கணும்' என்று சொல்லிவிடுவது சுலபம். 'இல்லை, அது நம்ம பண்பாடு, கொண்டாடணும்' என்பது அதைவிடச் சுலபம். இரண்டுக்கும் அந்த அத்தையிடம் போய் எதையும் கேட்க வேண்டியதில்லை. அப்படிப் போய்க் கேட்ட ஒரு மனுஷனைப் பற்றித்தான் இன்றைக்குப் பேசப் போகிறேன். இடம் அமெரிக்கா. காலம் 1890ஐ ஒட்டிய வருஷங்கள். ஆள் ஜேம்ஸ் மூனி என்கிற மானிடவியலாளர்.

மூனி 1861இல் இண்டியானா மாநிலத்து ரிச்மண்ட் ஊரில் பிறந்தார். அப்பா அம்மா அயர்லாந்திலிருந்து பிழைக்கப் போனவர்கள். பெரிய படிப்பெல்லாம் கிடையாது. உள்ளூர்ப் பத்திரிகையில் வேலை பார்த்தார். அயர்லாந்துக் குடியானவர்களுக்கு நிலம் வேண்டும் என்று போராடிய நிலக் கழகத்துக்காக ரிச்மண்டில் வேலை செய்தார். நிலத்தைப் பறிகொடுத்தவன் எப்படி யோசிப்பான் என்பது அவருக்கு வீட்டிலேயே தெரியும். 1885இல் வாஷிங்டனில் அரசாங்கத்தின் இனவியல் துறையில் சேர்ந்தார். 1890 டிசம்பரில் துறை அவரை இன்றைய ஓக்லஹோமா பக்கம் அனுப்பியது. ஆவி நடனம் என்று வெள்ளைக்காரர்கள் அழைத்த ஓர் ஆட்டம் அப்போது மேற்குப் பகுதி முழுக்கப் பரவிக்கொண்டிருந்தது.

ஆட்டத்துக்குப் போவதற்கு முன்னால் நிலத்தைப் பார்த்துவிடுவோம்.

செவ்விந்தியர் என்று நாம் பள்ளிக்கூடப் புத்தகத்தில் படித்தோம். அது அடுத்தவன் வைத்த பேர். சூ என்பதும் அப்படித்தான். அவர்களில் மேற்குப் பிரிவினர் தங்களைச் சொல்லிக்கொள்வது லக்கோட்டா என்று. 1868இல் லாராமி கோட்டையில் அமெரிக்க அரசாங்கம் இவர்களோடு ஒப்பந்தம் போட்டது. மிசௌரி ஆற்றுக்கு மேற்கே பெரிய நிலப்பரப்பு உங்களுக்கே என்று எழுதிக் கொடுத்தது. 1874இல் அந்த நிலத்துக்குள் இருந்த பிளாக் ஹில்ஸ் மலையில் தங்கம் தெரிந்தது. 1877இல் மலை போய்விட்டது. காட்டெருமைதான் அவர்களுக்குச் சோறு, துணி, கூரை எல்லாம். 1880களின் நடுவில் அது கிட்டத்தட்ட இல்லாமலே போனது. வெள்ளை வேட்டைக்காரர்கள் தோலை உரித்துக்கொண்டு உடம்பை வெயிலில் அழுகவிட்டார்கள். 1889இல் மிச்சமிருந்த நிலத்தில் சுமார் 90 லட்சம் ஏக்கரை வெட்டி எடுத்துக்கொண்டு, மீதியை ஆறு துண்டாக்கினார்கள்.

அந்தத் துண்டுகளுக்குப் பேர் ரிசர்வேஷன். நமக்கு ரிசர்வேஷன் என்றால் இட ஒதுக்கீடு. அங்கே இடம் கொடுத்து ஒதுக்குவதில்லீங்க, ஒதுக்கிவைத்து ஓர் இடம் கொடுப்பது. ஊருக்கு வெளியே சேரி மாதிரி. உள்ளே இருப்பவர்களுக்கு மாட்டிறைச்சி, மாவு என்று ரேஷன். 1889இல் கையெழுத்து வாங்கும்போது, நிலத்தைக் கொடுத்தாலும் ரேஷன் குறையாது என்று வாக்குக் கொடுத்தார்கள். கையெழுத்து வாங்கின கையோடு ரேஷனைக் குறைத்தார்கள். மழை இல்லை. அம்மையும் கக்குவானும் குழந்தைகளை வாரிக்கொண்டு போயின.

இந்த நேரத்தில்தான் ஒரு சேதி வந்தது.

நெவாடா மாநிலத்தில் பையூட் இனத்தைச் சேர்ந்த வொவோகா என்று ஓர் ஆள். வெள்ளைக்காரப் பண்ணையில் கூலி வேலை. பண்ணைக்காரர் குடும்பப் பேரைச் சேர்த்து ஜாக் வில்சன் என்றும் கூப்பிடுவார்கள். 1889 ஜனவரி 1ஆம் தேதி சூரிய கிரகணம். காய்ச்சலில் கிடந்த வொவோகா மயங்கி, மேலுலகம் போய் வந்ததாகச் சொன்னார். செத்துப்போன சனமெல்லாம் அங்கே இளமையாக, பசியில்லாமல், பழைய விளையாட்டுகளை விளையாடிக்கொண்டு இருந்ததாம். கடவுள் சொல்லி அனுப்பியது இதுதான்: சண்டை போடாதே, பொய் சொல்லாதே, திருடாதே, வேலை செய், வெள்ளைக்காரனோடும் சமாதானமாக இரு, ஐந்து நாள் தொடர்ந்து வட்டமாக ஆடு, செத்தவர்களோடு நீ திரும்பச் சேருவாய். பையூட்டுகள் அந்த ஆட்டத்துக்கு வைத்த பேரிலும் ஆவி கிடையாது. வட்டமாக ஆடுவது, அவ்வளவுதான்.

இந்தச் சேதியைக் கேட்க பல இனத்தாரும் ஆள் அனுப்பினார்கள். லக்கோட்டாக்களிலிருந்து ஷார்ட் புல், கிக்கிங் பேர் போன்றவர்கள் ரயிலேறிப் போய் வந்தார்கள். பட்டினி கிடந்த லக்கோட்டா மண்ணில் சேதி கொஞ்சம் வேறு மாதிரி முளைத்தது. புது பூமி வரும், அது வெள்ளைக்காரனை மூடிவிடும், காட்டெருமை திரும்பும் என்றார்கள். துப்பாக்கிக் குண்டு துளைக்காத ஆவிச் சட்டை தைத்துப் போட்டுக்கொண்டார்கள். அந்தச் சட்டை தன் யோசனை இல்லை என்று வொவோகா பின்னால் மூனியிடம் சொன்னார்.

சட்டைதானே தைத்தார்கள், துப்பாக்கியா செய்தார்கள் என்று நீங்கள் கேட்கலாம். பைன் ரிட்ஜ் ரிசர்வேஷனுக்கு அப்போதுதான் புதிதாக வந்திருந்த ஏஜெண்ட் ராயர் அப்படிக் கேட்கவில்லை. கட்சி சிபாரிசில் பதவி வாங்கி வந்தவர். ஆட்டத்தைப் பார்த்து மிரண்டுபோய், பட்டாளத்தை அனுப்புங்கள் என்று தந்தி மேல் தந்தி அடித்தார். அவருக்கு முன்னால் அங்கே ஏஜெண்டாக இருந்த மெக்கில்லிகடி நேர் எதிராகச் சொன்னார். கிறிஸ்து திரும்பி வருவார் என்று அட்வென்டிஸ்ட் சபையார் வானம் ஏறுவதற்கு அங்கி தைத்து வைத்துக் காத்திருந்தால் பட்டாளத்தையா அனுப்புகிறோம்? இவர்களையும் ஆடவிடுங்கள் என்பது அவர் கருத்து. யாரும் கேட்கவில்லை. 1890 நவம்பரில் பட்டாளம் வந்து இறங்கியது.

டிசம்பர் 15ஆம் தேதி, லக்கோட்டாக்களின் பெரிய தலைவர் சிட்டிங் புல்லைக் கைது செய்யப் போன இடத்தில் சுட்டுக் கொன்றார்கள். சுட்டது அவருடைய சனத்திலிருந்தே எடுத்து உடுப்பு மாட்டிவிட்ட போலீஸ். டிசம்பர் 28ஆம் தேதி பிக் ஃபுட் தலைமையில் போய்க்கொண்டிருந்த சுமார் 350 பேரைப் பட்டாளம் மடக்கியது. பிக் ஃபுட் நிமோனியா காய்ச்சலில் படுத்த படுக்கை. எதிர்ப்பில்லாமல் சரணடைந்தார்கள். வூண்டட் நீ என்கிற ஓடைக்கரையில் கூடாரம் போடச் சொன்னார்கள். மேட்டில் நாலு பீரங்கி. மறுநாள் காலையில் ஆயுதங்களைப் பிடுங்கும்போது ஒரு துப்பாக்கி வெடித்தது. பிறகு பீரங்கிகள் பெண்களும் குழந்தைகளும் இருந்த கூடாரங்கள் மேல் பேசின. ஓடினவர்களைத் துரத்திப்போய்க் கொன்றார்கள். மைல் கணக்கில் தள்ளிக்கூடக் குழந்தையோடு பெண்களின் பிணங்கள் கிடந்தன. குழியில் போட்டவர்களின் கணக்கை மூனி எழுதிவைத்திருக்கிறார்: ஆண்கள் 84, பெண்கள் 44, குழந்தைகள் 18, ஆக 146. அவர்களுடைய ஆட்களே தூக்கிப்போன பிணங்களையும், பின்னால் காயத்தில் செத்தவர்களையும் சேர்த்தால் கிட்டத்தட்ட 300 வரும். பட்டாளத்தில் செத்தவர்கள் 25 பேர். அதில் சிலர் தங்கள் ஆட்களின் குண்டிலேயே விழுந்தவர்கள். இந்தக் காரியத்துக்காகப் பட்டாளத்துக்காரர்களில் சுமார் 20 பேருக்கு அமெரிக்காவின் மிக உயர்ந்த ராணுவப் பதக்கம் கொடுத்தார்கள்.

ஆவிச் சட்டை குண்டைத் தடுக்கவில்லை. இதை நான் மறைக்கப் போவதில்லை. தம்பி இதைத்தான் சொல்லுவார், சரிதான். ஆனால் சட்டை போடாத குழந்தைகளையும் அதே குண்டுதான் கொன்றது. அவர்கள் செத்ததற்குக் காரணம் அவர்களுடைய நம்பிக்கையா, எதிரில் நின்றவனுடைய பயமா?

மூனி இந்தக் கேள்வியோடுதான் கிளம்பினார். அரசாங்க ஆபீஸில் ஏஜெண்டுகள் அனுப்பிய காகிதம் குவிந்து கிடந்தது. அதைத் தொகுத்தே ஒரு புத்தகம் போட்டிருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை. ஏறக்குறைய 20 இனத்தாரிடம் போனார். 22 மாதம் களத்தில் இருந்தார். சுமார் 32,000 மைல் பயணம். அரபஹோ மக்களோடு கைகோத்து வட்டத்தில் தானும் ஆடினார். பாட்டுகளை அவரவர் மொழியிலேயே எழுதி எடுத்தார். வூண்டட் நீக்குப் போய் அந்தக் குழியையும் பார்த்தார். மக்கள் அதைச் சுற்றிக் கம்பிவேலி போட்டு, கம்பங்களில் சிவப்புப் பூசியிருந்தார்கள். வொவோகாவிடமிருந்து வந்த புனிதச் சாயம் அது. பத்திரிகைக்காரர்கள் 'வெறிபிடித்த தீர்க்கதரிசி' என்று எழுதிக்கொண்டிருந்த வொவோகாவை 1892 ஜனவரியில், பனி கொட்டிக்கிடந்த நேரத்தில் தேடிப்போய்ச் சந்தித்தார். முயல் வேட்டைக்குப் போயிருந்த ஒரு சாதாரணக் கூலியாளைத்தான் கண்டார்.

திரும்பி வந்து, 'நான் அவரைப் பார்த்தேன், கையைப் பிடித்தேன்' என்று சொன்ன பிறகுதான் செயென் மக்கள் அவரை நம்பினார்கள். அதுவரை ஒளித்து வைத்திருந்த ஒரு காகிதத்தை எடுத்துக் கொடுத்தார்கள். வொவோகா சொல்லச் சொல்ல காஸ்பர் எட்சன் என்கிற அரபஹோ இளைஞர் எழுதின கடிதம். இந்த இளைஞர் கார்லைல் பள்ளிக்கூடத்தில் படித்தவர். பிள்ளைகளைப் பெற்றவர்களிடமிருந்து பிரித்து, முடியை வெட்டி, சொந்த மொழியைப் பேசவிடாமல் அடித்து வளர்க்கிற பள்ளிக்கூடம் அது. அந்தப் பள்ளிக்கூடம் கொடுத்த அரைகுறை ஆங்கிலத்தில்தான் தீர்க்கதரிசியின் சேதி எழுத்தாயிற்று. அதில் யாரையும் கொல்லு என்று ஒரு வரி கிடையாது. சண்டை வேண்டாம், வேலையை விடாதே என்றுதான் இருக்கிறது. இதை வாஷிங்டனுக்குக் கொண்டுபோய்க் காட்டு, எங்களிடம் கெட்ட எண்ணம் இல்லை என்று சொல்லு என்றுதான் கொடுத்தார்கள். கொண்டுபோனார். ஆனால் வூண்டட் நீயில் குழி மூடி ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது.

1896இல் அரசாங்கமே அவருடைய அறிக்கையை அச்சடித்தது. 'ஆவி நடன மதமும் 1890ஆம் ஆண்டுச் சூ கலவரமும்' என்று தலைப்பு. ஐந்நூறு பக்கத்துக்குக் கொஞ்சம் குறைவு. அதில் அவர் செய்த இரண்டு காரியங்களை நாம் பாடமாக எடுத்துக்கொள்ளணும்.

ஒன்று, நம்பிக்கைக்குப் பக்கத்திலேயே ரேஷன் கணக்கை வைத்தார். எவ்வளவு நிலம் போயிற்று, எத்தனை இறைச்சி குறைந்தது, எந்த வருஷம் பயிர் கருகியது, எந்த வருஷம் அம்மை வந்தது என்று வரிசையாக அடுக்கினார். அதைப் படித்துவிட்டு ஆட்டத்தைப் பார்த்தால், அது பைத்தியக்காரத்தனமாகத் தெரியாது. இழந்ததையெல்லாம் பேர் சொல்லிக் கூப்பிட்டு, திரும்பக் கொடு என்று கேட்கிற மனு மாதிரி தெரியும்.

இரண்டாவது, ஆள்கிறவர்களின் மதத்தையும் அதே தட்டில் வைத்து நிறுத்தார். யூதர்கள் மீட்பருக்குக் காத்திருந்தது, கிறிஸ்தவம் பிறந்தது, நபிகள், ஜோன் ஆஃப் ஆர்க், உடல் நடுங்கப் பிரார்த்தித்த சபைகள் எல்லாவற்றையும் வரிசைப்படுத்தி, இதுவும் அதுவும் ஒரே மனித மனசு என்றார். அதிகாரிகளுக்கு இது தாங்கவில்லை. துறைத் தலைவர் பவல், இந்த மாதிரி ஒப்பீடுகளில் எச்சரிக்கை வேண்டும் என்று முன்னுரையிலேயே எழுதிவைத்தார். உன் ஆட்டம் மூடநம்பிக்கை, என் ஆட்டம் மதம். நமக்குப் பழக்கமான நியாயம்தானே இது? தேர் இழுத்தா திருவிழா, நம்ம தெருவுல பறை அடிச்சா சத்தம்.

ஆனாலும் மூனியைத் தூக்கிவைத்து ஆட வேண்டியதில்லை. தலைப்பை மறுபடி பாருங்கள். 'சூ கலவரம்.' உள்ளே படுகொலையைக் கண்ணால் பார்த்தவர்கள் வாய்மொழியாக எழுதிவிட்டு, மேலட்டையில் அரசாங்கத்தின் வார்த்தையை விட்டுவிட்டார். நம்ம ஊரில் சேரி எரிந்தால் மறுநாள் பேப்பரில் 'இரு பிரிவினரிடையே மோதல்' என்று வருமே, அதே வார்த்தைதான். 1968 டிசம்பர் 25ஆம் தேதி ராத்திரி வெண்மணியில் 44 பேரைக் குடிசைக்குள் வைத்து எரித்ததையும் தகராறு என்று சொன்னவர்கள் உண்டு. கொன்றவனுக்குப் பேர் வைக்கிற உரிமை இருக்கிற வரைக்கும், செத்தவன் கலகக்காரனாகவே இருப்பான். நல்ல மனசு இருந்தும் சம்பளம் கொடுக்கிற இடத்தின் வார்த்தையை மூனியால் தாண்ட முடியவில்லை. தாண்டினபோது என்ன நடந்தது என்பதையும் சொல்லணும். பிற்காலத்தில் பெயோட்டி என்கிற செடியைப் புனிதமாக வைத்துக் கும்பிட்ட பழங்குடிகளுக்காக நின்றார். 1918இல் அவர்கள் தங்களுக்கென்று ஒரு திருச்சபையைப் பதிவு செய்துகொள்ள ஒத்தாசை செய்தார். கையோடு அவரை அங்கிருந்து வெளியேற்றினார்கள். மறுபடி ஆய்வுக்கு விடவேயில்லை. 1921இல் செத்துப்போனார்.

ஆட்டம் வூண்டட் நீயோடு செத்துவிட்டது என்று ரொம்பக் காலம் நினைத்தார்கள். அதுவும் தப்பு. அலெக்சாண்டர் லெஸ்ஸர் என்கிற மானிடவியலாளர் 1933இல் பானி இனத்தாரைப் பற்றி ஒரு புத்தகம் எழுதினார. சொந்த ஊரிலிருந்து ஓக்லஹோமாவுக்குத் தள்ளப்பட்டு, சடங்கு, பாட்டு எல்லாம் மறந்துபோய்க்கொண்டிருந்த சனம் அது. ஆட்டத்தில் மயங்கி விழுந்தவர்கள், செத்துப்போன பெரியவர்கள் பழைய கை விளையாட்டை விளையாடுவதைக் கண்டார்கள். கைக்குள் ஒளித்ததை எதிர்க்கட்சி கண்டுபிடிக்கிற விளையாட்டு. விழித்து எழுந்து அதைத் திரும்ப உண்டாக்கினார்கள். பள்ளிக்கூடம் அடித்து மறக்கவைத்ததை மயக்கம் ஞாபகப்படுத்தியது. கனடாவில் ஒரு டகோட்டா சமூகத்தில் 1960கள் வரை இந்த மார்க்கம் உயிரோடு இருந்ததை ஆலிஸ் கீஹோ என்கிற அம்மையார் பதிவு செய்திருக்கிறார். 1973இல் அமெரிக்க இந்திய இயக்கத்துக்காரர்கள் அதே வூண்டட் நீயைக் கைப்பற்றி 71 நாள் உட்கார்ந்தபோது, லியனார்ட் க்ரோ டாக் அங்கே ஆவி நடனத்தை மறுபடி நடத்தினார். 1980இல் உச்ச நீதிமன்றம் பிளாக் ஹில்ஸுக்காக பத்து கோடி டாலருக்கு மேல் நஷ்டஈடு என்றது. பணம் வேண்டாம், மலையைக் கொடு என்று வாங்க மறுத்தார்கள். அந்தப் பதக்கங்களை மறுபரிசீலனை செய்ய 2024இல் உத்தரவானது. 2025இல், பதக்கம் பதக்கமாகவே இருக்கும் என்று அறிவித்துவிட்டார்கள்.

மூனி திறந்த வழியில் பின்னால் வந்தவர் அந்தோனி வாலஸ். 1956 ஏப்ரலில் ஒரு கட்டுரை எழுதினார். நொறுங்கிப்போன சமூகம், தன் பண்பாட்டைத் தானே தெரிந்து, திட்டமிட்டுத் திரும்பக் கட்டிக்கொள்கிற முயற்சிகளுக்குப் புத்துயிர்ப்பு இயக்கங்கள் என்று பேர் வைத்தார். அதே வருஷம் அக்டோபர் 14ஆம் தேதி நாக்பூரில் அண்ணல் அம்பேத்கர் லட்சக்கணக்கான மக்களோடு பௌத்தம் தழுவினார். 22 உறுதிமொழி கொடுத்தார். நம் பண்டிதர் அயோத்திதாசர் 1898லேயே அந்த வழியில் நடந்தவர். பழைய பண்டிகைகளுக்கெல்லாம் பௌத்த அர்த்தம் சொல்லி, நாம் யாராக இருந்தோம் என்பதைத் திரும்ப எழுதினார். வொவோகாவும் அம்பேத்கரும் ஒன்று என்று நான் சொல்லவில்லை. ஒருவர் மயக்கத்தில் கண்டார், இன்னொருவர் இருபது வருஷத்துக்கு மேல் படித்து, யோசித்து, முடிவெடுத்தார். ஆனால் ஒடுக்கப்பட்டவன் நிலத்தைக் கேட்கும்போது கூடவே ஒரு கடந்த காலத்தையும் கேட்கிறான். அதை இரண்டு இடத்திலும் பார்க்கிறோம்.

நம்மைப் பற்றியும் மானிடவியலாளர்கள் எழுதியிருக்கிறார்கள். மைக்கேல் மொஃபாட் செங்கல்பட்டுப் பக்கத்துச் சேரி ஒன்றில் ஆய்வு செய்து 1979இல் புத்தகம் போட்டார். இவர்களும் மேலே உள்ளவர்களின் பண்பாட்டை ஒத்துக்கொண்டு, அதையே தங்களுக்குள் பிரதி எடுத்துக்கொள்கிறார்கள் என்பது அவர் முடிவு. நம் அம்மனுக்கும் மேலத்தெரு அம்மனுக்கும் ஒற்றுமை இருப்பதைப் பார்த்தார். பண்ணையாரிடம் 'ஆமாங்க சாமி' என்று சொல்லுகிற வாய், ராத்திரி சாமி வந்தபோது அதே பண்ணையாரை 'டேய்' போட்டுக் கூப்பிட்டதை நம்மில் எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்! அந்த ஒரு வார்த்தையை ஒற்றுமைக் கணக்கில் எப்படிச் சேர்ப்பது?

தம்பி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். நான் சாமியாட்டத்துக்கு வக்காலத்து வாங்க வரவில்லை. சட்டை குண்டைத் தடுக்காது. கூலி உயர்வுக்குச் சங்கம் வேணும், பஞ்சமி நிலத்துக்குப் போராட்டம் வேணும், பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் வேணும். அதில் சந்தேகமே இல்லை. ஆனால் உங்கள் அத்தை ஆடும்போது என்ன சொல்கிறாள் என்று யாராவது உட்கார்ந்து கேட்டோமா? யாரைத் திட்டுகிறாள், எந்தச் செத்துப்போன பிள்ளையின் பேரைச் சொல்லி அழுகிறாள், எந்த வருஷத்துப் பஞ்சத்தைப் பேசுகிறாள்? கேட்காமலே 'மூடநம்பிக்கை' என்று எழுதினால், நாம் ராயர் அடித்த தந்தியைத்தான் வேறு வார்த்தையில் அடிக்கிறோம். நம் வீட்டு அத்தையின் வாய்ச்சொல்லை எடுக்க இன்னொரு மூனி வாஷிங்டனிலிருந்து வர வேண்டியதில்லை. எழுதப் படிக்கத் தெரிந்த நாமே இருக்கிறோம். தலைப்பு வைக்கிற உரிமையும் அப்போது நம் கையில் இருக்கும்.

அதனால் ஒரு வேலை. அடுத்த கூட்டத்துக்கு வரும்போது ஒவ்வொருத்தரும் ஒரு நோட்டு கொண்டு வாங்க. அத்தையோ பாட்டியோ, சாமி வந்தபோது சொன்னதை அவங்க வார்த்தையிலேயே இடதுபக்கத்தில் எழுதுங்க. வலதுபக்கத்தில், அந்த வருஷம் அவங்களுக்கு நாள் கூலி எவ்வளவு, வீட்டில் யார் செத்தாங்க, எந்த நிலம் கைவிட்டுப் போச்சுன்னு எழுதுங்க. இரண்டு பக்கத்தையும் சேர்த்து வைத்துப் படிப்போம். விவாதத்தை அங்கேயிருந்து ஆரம்பிக்கலாம்.